ஊர் காலில் விழுந்தவன்

என் மணிக்கட்டை உடைத்தவன் மன்னிப்புக் கேட்டுவிட்டான் என்ற செய்தியைத் தெருவில் போன ஒருத்திதான் எனக்கு வந்து சொன்னாள்.

சுனாமிக்கு அப்புறம் வந்த வருஷங்கள் அவை. காரைக்கால்மேட்டுக் கரையில் மீனை ஏலத்தில் எடுத்துக் கூடையில் சுமந்து விற்றுக்கொண்டிருந்தேன். ஒருநாள் நான் ஏலத்தில் எடுத்த கொடுவா மீன் கூடையைப் படகுக்காரன் ஒருவன் வெளியூர் வியாபாரிக்குத் தூக்கிக் கொடுத்தான். "என் பேருல முடிஞ்ச ஏலம்டா" என்று கூடையைப் பிடித்தேன். கையிலிருந்த கட்டையால் அடித்தான். எலும்பு முறிந்தது. பெரியாஸ்பத்திரியில் கேட்டார்கள், நடந்ததைச் சொன்னேன். அவர்கள் தகவல் சொல்லிப் போலீஸ் வந்தது, வழக்கானது.

ஊரைக் கேட்காமல் போலீசுக்குப் போகக் கூடாது என்பது எங்கள் கட்டுப்பாடு. அதற்காகப் பஞ்சாயத்தார் என்னிடம் முகம் கொடுத்துப் பேசவில்லை. பிறகு மாரியம்மன் கோயில் வாசலில் கூட்டம் போட்டார்கள். எங்கள் ஊர்க் கூட்டத்தில் பெண்கள் உட்காருவதில்லை. அவன் அங்கே ஊர் காலில் நெடுஞ்சாண்கிடையாக விழுந்தானாம். ஊர் மனம் இரங்கி மன்னித்ததாம். அடிபட்டது என் கை, இரங்கியது அவர்கள் மனசு. வழக்கு முடிந்தது என்று அங்கேயே சொல்லிவிட்டு எழுந்து போய்விட்டார்கள்.

என்ன அறிவு பாருங்கள்! கோயில் வாசலில் பேசியது கோர்ட்டுக்குக் காற்றிலேயே போய்ச் சேர்ந்துவிடும் என்று நினைத்தார்கள் போலிருக்கிறது. அவனும் அதை நம்பி, வாய்தாவுக்குப் போகாமல் கடலுக்குப் போனான். பிடிவாரண்டு வந்தது. அடிபட்டவளே நேரில் வந்து சமாதானம் என்று சொன்னால்தான் கோர்ட்டில் வழக்கு முடியும் என்று அப்புறம்தான் வக்கீல் விளக்கியிருக்கிறார்.

ஊர்ப் பஞ்சாயத்துத் தலைவர் என் வீட்டு வாசலில் வந்து நின்றார்.

"என்னக்கா, கை தேவலையா?"

"இப்பதான் என் கை ஞாபகம் வந்துதா தம்பி?"

"கோர்ட்டுல நீங்க ஒரு வார்த்தை சொல்லணும். அவன்தான் மன்னிப்புக் கேட்டுட்டானே."

"யாருகிட்ட?"

"ஊருகிட்ட."

"அப்ப ஊரே போயி சொல்லட்டும். என்னை எதுக்குத் தேடுறீங்க?"

தலைவர் துண்டை எடுத்து முகத்தைத் துடைத்துக்கொண்டார். "என்னதான் செய்யணுங்கிறீங்க?"

"அடிச்ச எடத்துல, ஏலம் நடக்குற நேரத்துல, அவன் என்கிட்ட கேக்கணும்."

"பொம்பளைங்க முன்னாலயா?"

"அடிக்கறப்பவும் அவங்கதான் நின்னாங்க."

வேறு வழியில்லாமல் வந்தான். மணலைப் பார்த்துக்கொண்டு ஏதோ முணுமுணுத்தான்.

"அலை சத்தத்துல ஒண்ணும் கேக்கல, ஒழுங்கா சொல்லு" என்றாள் நண்டு விற்கிறவள்.

"கை மட்டும் நல்லா நீண்டுச்சே, இப்ப நாக்கு நீளலையா?" என்றாள் பக்கத்தில் நின்றவள்.

"நான் அடிச்சது தப்பு பெரியம்மா, மன்னிச்சிடுங்க" என்று கத்தினான். ஏலம் கூறுகிறவரே வாயை மூடிக்கொண்டு பார்த்தார்.

கோர்ட்டில் ஜட்ஜம்மா கேட்டார்: "மனசார சமாதானமாகிறீங்களா? யாராவது கட்டாயப்படுத்தினாங்களா?"

"என்னை யாருங்க கட்டாயப்படுத்துறது? நான்தான் அவனைக் கட்டாயப்படுத்தினேன்."

அவர் சிரிப்பை அடக்கிக்கொண்டு எழுதினார். வழக்கு முடிந்தது.

வெளியே டீக்கடையில் தலைவர் யாரிடமோ, "ஊரு பேசி முடிச்சு வச்சுது" என்று சொல்லிக்கொண்டிருந்தார். நான் பக்கத்திலேயே நிற்கிறேன் என்ற கூச்சம்கூடக் கிடையாது. கேட்டவரும் பெரிதாகத் தலையாட்டினார்.