சைவம் என்று சொன்ன பொய்

என் கணவர் பொய் சொல்லவில்லை. இதைச் சொல்லாமல் செத்தால் என் கட்டை வேகாது.

உத்திரமேரூர் நெல் மில்லில் அவருக்கு வேலை கிடைத்ததும் வாடகைக்கு இடம் தேடினோம். ஒரு வீட்டின் பின்கட்டு காலியாக இருந்தது. நெற்றி நிறைய நாமம் போட்ட வீட்டுக்காரர், என் கணவரின் திருநீற்றைப் பார்த்து, "சைவந்தானே?" என்றார். "ஆமாங்க, எங்களுக்கு எல்லாம் சிவன்தாங்க" என்றார் இவர். பெருநகர் என்கிற ஊர்ப்பக்கம் வயல் வேலை செய்து வளர்ந்தவர்கள் நாங்கள். எங்கள் ஊரில் மீனும் கறியும் கவுச்சி; அதைத் தொடாதவர்கள் கவுச்சி தின்னாதவர்கள். சைவம் என்றால் எங்களுக்குத் திருநீறு, அவ்வளவுதான். வீட்டுக்காரர் 'ஆமாங்க'வை மட்டும் காதில் வாங்கிக்கொண்டு சாவியைக் கொடுத்தார். ஆறு மாதம் கவுச்சி வாங்க எங்களுக்கு வழியில்லை, அதனால் பேச்சும் எழவில்லை.

அங்கேதான் மகள் பிறந்தாள். ஐந்து நாளாகியும் எனக்குப் பால் சுரக்கவில்லை. சர்க்கரைத் தண்ணீரைத் துணியில் நனைத்துக் கொடுத்தேன். குழந்தைக்கு அழக்கூடத் தெம்பில்லை. சேதி கேட்டு அம்மா பால்சுறாக் கருவாட்டோடு பஸ் ஏறி வந்தாள். பிள்ளை பெற்றவளுக்குப் பால் ஊற அதுதான் எங்கள் மருந்து. குழம்பு கொதித்ததுதான் தாமதம், வீட்டுக்காரர் முற்றத்தில் வந்து நின்றார்.

"சைவம்னு பொய் சொல்லி வூட்டுக்குள்ள பூந்துட்டு, கருவாடா காச்சறீங்க? இப்பவே காலி பண்ணுங்க!"

"கொழந்தைக்குப் பால் இல்ல சாமி" என்றாள் அம்மா. "பச்ச ஒடம்புக்காரிய எங்க இட்டுக்கினு போவேன்?"

அவர் மனைவி இரக்கப்பட்டார். "பசும்பால் ஒரு டம்ளர் தரேன், அதக் குடு. பாவத்த எதுக்குச் சமைக்கறே?"

அந்த இரக்கத்தைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. அவர்கள் மாட்டுக்கொட்டகையில் கன்றுக்குட்டி, தாய் மடி எட்டாத தூரத்தில் கட்டிக் கிடந்து கத்திக்கொண்டிருந்தது. ஒரு பிள்ளையின் வாயிலிருந்து பிடுங்கின பால் சுத்தம், என் மாரில் ஊற வேண்டிய பால் பாவமா?

"மொதல்ல அந்தக் கன்னுக்குட்டிய அவுத்து வுடுங்க, அப்பறம் பாவத்தப் பத்திப் பேசுங்க!" என்று கத்தினேன்.

கணவர் மில்லிலிருந்து வருவதற்குள் பாயும் பெட்டியும் தெருவுக்கு வந்துவிட்டன. குழம்புச் சட்டியை மட்டும் அம்மா யாரையும் தொடவிடாமல் தானே தூக்கி வந்தாள். எதிர்ச்சுவர் நிழலில் என்னை உட்காரவைத்து, சட்டியிலேயே சோற்றைப் போட்டுப் பிசைந்தாள்.

"அயுவாத. துன்னு."

தெருவே வேடிக்கை பார்த்தது. குழந்தையை மடியில் போட்டுக்கொண்டு, அந்த வாசலைப் பார்த்தபடியே, சட்டியை வழித்துத் தின்றேன்.