வார்த்தை இல்லாத பாட்டு

நானும் என் நாத்தனாரும் ஒரே அரசுத் தேர்வுக்கு ஒரே மேசையில் எதிரெதிரே உட்கார்ந்து படித்தோம். எனக்குப் படிப்பதற்கு அமைதி வேண்டும். அவளுக்குப் பாட்டு வேண்டும். இந்த ஒரு விஷயத்தில் நாங்கள் பேச்சுவார்த்தை நின்றுபோகிற அளவுக்குப் போனோம்.

போடியில் எங்கள் வீடு ஏலக்காய் மூட்டைகள் அடுக்கிவைக்கும் ஒரு கிட்டங்கிக்குப் பின்சந்தில் இருக்கிறது. கீழே ஒரு கூடமும் அடுப்படியும். மாடியில் தகரம் போட்ட அறை ஒன்று. சிலமலையிலிருந்து கல்யாணமாகி வந்த புதிதில் நான்தான் தேர்வு எழுதுகிறேன் என்று ஆரம்பித்தேன். கல்லூரி முடித்துவிட்டு வீட்டிலிருந்த நாத்தனாரும் சேர்ந்துகொண்டாள். வீட்டுக்காரர் மறுபேச்சில்லாமல் மேசையும் இரண்டு நாற்காலிகளும் வாங்கி மேலே ஏற்றினார்.

அவருக்கு ஜீப் ஓட்டுகிற வேலை. விடிவதற்கு முன்பே எஸ்டேட்டுக்குப் போகிற பெண்களை ஏற்றிக்கொண்டு போடிமெட்டு ஏறுவார். சாயங்காலம் அவர்களைக் கூட்டிவந்து இறக்குவார். மாமனாரும் அதே மலைரோட்டில் ஓட்டியவர்தான். நாத்தனார் பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்த காலத்தில், ஒரு மழைநாளில் மண் சரிந்து அவர் வண்டியை மூடிவிட்டது. உயிர் பிழைத்தார். வலது கால் மட்டும் சரியாகவில்லை. கம்பு ஊன்றித்தான் நடக்கிறார். இந்தக் கதையைப் பெண் பார்க்க வந்தபோதே எங்கள் வீட்டில் சொல்லிவிட்டார்கள். அதற்கும் நாத்தனாரின் பாட்டுக்கும் ஏதாவது சம்பந்தம் இருக்கும் என்று எனக்கு அப்போது தோன்றவில்லை.

அவள் கையளவு பாட்டுப்பெட்டி ஒன்றைக் கைபேசியோடு சேர்த்துவிட்டு, மேசை நடுவில் வைப்பாள். சினிமாப் பாட்டு ஓடும். அவள் பாட்டுக்குக் கால் ஆட்டிக்கொண்டே கணக்குப் போடுவாள். எனக்கோ, கண் அரசியலமைப்பைப் படிக்கும், வாய் பல்லவியைப் பாடும். ஒருமுறை பஞ்சாயத்து ராஜ் பற்றிக் குறிப்பு எழுதிக்கொண்டிருந்த நான், பாட்டில் வந்த ‘கண்ணே’ என்ற சொல்லை அப்படியே வாக்கியத்தின் நடுவில் எழுதிவைத்திருந்தேன். அவளிடம் காட்டியபோது விழுந்து விழுந்து சிரித்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. தேர்வுக்கு இரண்டு மாதம்கூட இல்லை.

வார்த்தை இல்லாத பாட்டாகப் போடு என்றேன். சரி என்றாள். நாதஸ்வரம் வைத்தாள்; கல்யாண மண்டபத்தில் உட்கார்ந்திருப்பது போலப் பரபரப்பாக இருந்தது. வீணை வைத்தாள், மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு இரண்டு பேருமே மேசையில் கவிழ்ந்து தூங்கினோம். கவனம் கூடுவதற்கென்றே போட்ட இசை என்று கைபேசியில் ஒன்று கிடைத்தது. அது நன்றாகத்தான் போய்க்கொண்டிருந்தது. நடுவில் நகைக்கடை விளம்பரம் ஒன்று அலறியதில் என் கையிலிருந்த பேனாவே விழுந்துவிட்டது.

அடுத்ததாக நானே ஒன்றைத் தேடி எடுத்தேன். மழைச் சத்தம். வேறு எதுவும் இல்லை, விடாமல் பெய்கிற மழை மட்டும். நிறையப் பேர் இதைக் கேட்டுக்கொண்டு படிப்பதாக எழுதியிருந்தார்கள். பெட்டியில் அது கேட்க ஆரம்பித்ததுதான் தாமதம், அவள் எட்டி அணைத்துவிட்டாள். முகம் வெளுத்திருந்தது. “இது வேணாம் மதினி,” என்றாள். ஏன் என்று கேட்டேன். மறுபடி சினிமாப் பாட்டை வைத்தாள். எனக்கு எரிச்சல் வந்தது. நான் தேர்ந்தெடுத்த ஒன்றை ஒரு நிமிடம்கூட ஓட விடவில்லையே என்று நினைத்துக்கொண்டேன்.

ஐப்பசி பிறந்ததும் மழை பிடித்துக்கொண்டது. தகரத்தில் மழை விழுந்தால் பக்கத்தில் பேசுவதே கேட்காது. அந்தச் சத்தத்துக்கு மேலே அவள் பாட்டைக் கூட்டிவைப்பாள். மழை, பாட்டு, கீழே மாமனார் டிவியில் வைக்கிற வானிலைச் செய்தி எல்லாம் ஒன்றாகக் கலந்து என் தலைக்குள் ஓடும். ஒருநாள் பொறுக்க முடியாமல் பெட்டியைப் பிடுங்கிக் கட்டில்மேல் போட்டேன். இயர்போன்தான் இருக்கிறதே, அதை மாட்டிக்கொண்டு கேள், என்னையும் படிக்க விடு என்று சத்தம் போட்டேன்.

அவள் புத்தகத்தை மூடினாள்.

“காத அடச்சுக்கிட்டா அண்ணே போன் வந்தா எப்பிடித் தெரியும் மதினி?” என்றாள். “மழச் சத்தமும் கேக்கக் கூடாது, போனும் கேக்கணும். எனக்கு வேற வழி தெரியல.”

அப்பாவை மண் மூடிய அன்று அவள் காய்ச்சலில் காதுவரை போர்த்திப் படுத்திருந்தாளாம். யாரோ வந்து கதவைத் தட்டியது கேட்கவில்லை. எழுந்து பார்த்தபோது வீட்டில் ஆளே இல்லை. எல்லோரும் ஆஸ்பத்திரிக்குப் போயிருந்தார்கள். இதை அவள் அழாமல், பாடத்தை ஒப்பிப்பது போலச் சொன்னாள். நான் எழுந்துபோய்ப் பெட்டியை எடுத்து மேசையில் வைத்தேன். அன்றைக்கு இரண்டு பேரும் உட்கார்ந்து தேடியதில் ஒரு புல்லாங்குழல் அமைந்தது. வேகமும் இல்லை, தூக்கமும் வரவில்லை. ஒரே சீராகப் போனது. கைபேசியில் இறக்கி வைத்துக்கொண்டதால் விளம்பரமும் இல்லை. சத்தத்தை எவ்வளவு வைப்பது என்பதில் மட்டும் தினமும் சின்னதாக ஒரு இழுபறி நடந்துகொண்டிருந்தது.

தேர்வுக்கு முந்தைய வாரம், ஒரு மத்தியானம். மாதிரி வினாத்தாள் ஒன்றை வைத்துக்கொண்டு எழுதிக்கொண்டிருந்தோம். காலையிலிருந்தே மழை விடவில்லை. பட்டப்பகலில் லைட் போட்டிருந்தோம். கீழே வாசலில் யாரோ மாமனாரிடம் பேசும் சத்தம் கேட்டது. பிறகு அவர் கம்பை ஊன்றி ஒவ்வொரு படியாக ஏறி வந்தார். அவர் மாடிக்கு வந்து நான் பார்த்ததே இல்லை. கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

“ரோட்டுல மண்ணு விழுந்துருச்சாம் ஆத்தா. எந்த வளைவுன்னு தெரியல. அவனுக்கு ஒரு போனப் போடு.”

போட்டேன். தொடர்பு எல்லைக்கு வெளியே இருப்பதாகப் பெண்குரல் சொன்னது. மறுபடி போட்டேன். அதே குரல். நாத்தனார் புல்லாங்குழலின் சத்தத்தைக் கூட்டினாள். அந்த நேரத்தில் அது எனக்குத் தாங்கவில்லை. அணைத்தேன். அணைத்தவுடன் மழை அறை முழுக்க இறங்கியது. தகரத்தில் யாரோ சரளையை அள்ளிக் கொட்டுவது போல. மண் சரிகிறபோது இப்படித்தான் சத்தம் வருமோ என்று ஓர் எண்ணம் வந்தது. வந்த எண்ணம் போக மறுத்தது. ஜீப்பையும், அதில் நெருக்கி உட்கார்ந்திருக்கும் பெண்களையும், ஸ்டியரிங்கைப் பிடித்திருக்கும் கையையும் பார்த்துக்கொண்டே இருந்தேன். நாத்தனார் இரண்டு கையாலும் மேசை விளிம்பைப் பிடித்திருந்தாள். பெட்டியை நானே திரும்பப் போட்டேன்.

மாமனார் கட்டிலில் உட்கார்ந்துகொண்டார். நான் குடையை எடுத்துக்கொண்டு ஜீப் ஸ்டாண்டுக்குப் போய் விசாரித்தேன். மேலே ஏறிய வண்டிகளில் ஒன்றுகூட இன்னும் இறங்கவில்லை என்றார்கள். யாருக்கும் அடிபட்டதாகத் தகவல் இல்லை என்றார்கள்; ஆனால் தகவல் சொல்ல மேலே டவரும் இல்லை என்றார்கள். அங்கேயே நிற்கலாம் என்றுதான் நினைத்தேன். வீட்டில் இரண்டு பேரும் என்னைப் பார்த்துக்கொண்டிருப்பார்கள் என்று திரும்பிவந்தேன்.

என்ன செய்வதென்று தெரியாமல் வினாத்தாளைக் கையில் எடுத்து, விட்ட இடத்திலிருந்து கேள்விகளை வாய்விட்டுப் படித்தேன். எதற்காக அப்படிச் செய்தேன் என்று இன்றுவரை தெரியாது. நாத்தனார் பதில் சொன்னாள். அடுத்ததை அவள் படித்தாள், நான் சொன்னேன். புல்லாங்குழல் முடிந்து மறுபடி முதலிலிருந்து ஆரம்பித்தது. ஒரு ஆற்றைப் பற்றிய கேள்விக்கு நாங்கள் இரண்டு பேரும் தடுமாற, கட்டிலிலிருந்து மாமனார் பதில் சொன்னார். சரியான பதில்தான். யாரும் சிரிக்கவில்லை.

விளக்கு வைக்கிற நேரத்தில் போன் அடித்தது. தெரியாத நம்பர். நான் எடுப்பதற்குள் நாத்தனார் எடுத்து ஸ்பீக்கரில் போட்டாள். “பேடிக்கண்டா, ஆளு இவிட உண்டு,” என்றது ஒரு ஆண்குரல். பயப்படாதே, ஆள் இங்கேதான் இருக்கிறார் என்று அந்த மலையாளத்தை மாமனார் புரிந்துகொண்டு, கண்ணை மூடிக்கொண்டார். கேரள எல்லைக்கு அந்தப் பக்கம் டீக்கடை வைத்திருக்கும் ஒருவருடைய போன் அது. பிறகு வீட்டுக்காரர் பேசினார்.

“நல்லாத்தேன் இருக்கேன். ஆளுகள எஸ்டேட்டுலயே தங்க வச்சுட்டேன். ரோடு தொறந்ததும் வர்றேன். நீங்க சோலியப் பாருங்க.”

மறுநாள் சட்டை முழுக்க மண்ணோடு வந்தார். எங்களிடம் ஒன்றும் சொல்லவில்லை. அப்பாவிடம் மட்டும், மழை கூடியதால் மத்தியானமே பெண்களை ஏற்றி இறங்கும்போது வண்டிக்கு முன்னால் மண் இறங்கியதையும், அவர்களை வைத்துக்கொண்டே வளைவில் பின்னோக்கி ஏற்றியதையும் மெதுவாகச் சொல்லிக்கொண்டிருந்தார். அடுப்படியில் நின்று கேட்டேன். கேட்டதாகக் காட்டிக்கொள்ளவில்லை.

தேனியில் ஒரு பள்ளிக்கூடத்தில் தேர்வு எழுதினோம். அவளுக்கும் எனக்கும் வேறு வேறு அறை. மின்விசிறிச் சத்தம் தவிர எதுவும் இல்லாத அந்த அமைதி எனக்கு வசதியாக இருந்தது. அவளுக்கு அது ஆகவில்லை. கைபேசியை வாசலிலேயே வாங்கிவைத்துவிட்டார்கள், அண்ணன் அன்றைக்கும் மலைக்குப் போயிருந்தார், முதல் பக்கத்தைத் திரும்பத் திரும்பப் படித்தும் ஒன்றும் ஏறவில்லை என்று பஸ்சில் வரும்போது சொன்னாள்.

முடிவு வந்தபோது என் நம்பர் இருந்தது. அவளுடையது இல்லை. வீட்டில் யாருக்கும் எப்படிச் சந்தோஷப்படுவது என்று தெரியவில்லை. மாமனார் இனிப்பு வாங்கிவரச் சொல்லிவிட்டு, பிரிக்காமலே வைத்திருந்தார். அவள் ராசிங்காபுரத்தில் இருக்கும் சித்தி வீட்டுக்குப் போய்ச் சில நாள் இருந்துவிட்டு வந்தாள். வந்த அன்று நேராக மாடிக்கு ஏறினாள். நானும் பின்னாலேயே போனேன். இனி இந்த அறை உனக்குத்தான், உனக்குப் பிடித்த பாட்டை வைத்துக்கொள் என்றேன்.

“பாட்டு இல்லாமப் படிக்கப் பழகணும் மதினி. மொதல்ல ஒரு பக்கம், அப்புறம் ரெண்டு பக்கம்,” என்றாள். “நான் பழகற வரைக்கும் அண்ணே போன் வருதான்னு நீங்க பாத்துக்கங்க.”

அவள் கைபேசியை வாங்கிக்கொண்டு கீழே இறங்கினேன். வெளியே தூற ஆரம்பித்திருந்தது. மேலே நாற்காலியை இழுத்துப் போடும் சத்தம் கேட்டது.