பஜ்ஜிக் கடையில் கிடைத்த விளம்பர வரி

"எங்கிருந்தும் உங்கள் கணினியைப் பாதுகாப்பாக இயக்கலாம்."

ஒரு மென்பொருள் விளம்பரத்தின் இந்த வரியை வேறு வார்த்தைகளில் எழுதித் தருவதுதான் என் வேலை. 'பாதுகாப்பாக'வை 'பத்திரமாக', 'அச்சமின்றி' என்று மாற்றி மாற்றிப் பத்து முறை அனுப்பினேன். பத்தையும் மேலாளர் திருப்பிவிட்டார்.

வெறுத்துப்போய் இன்று குற்றாலத்துக்குப் பஸ் ஏறினேன். வழக்கம்போல் பஜ்ஜிக் கடை அண்ணாச்சியிடம் போனைக் கொடுத்தேன்.

"அண்ணாச்சி, மேனேஜர் மெசேஜ் போட்டா 'சரி சார்'னு பதில் போட்டுருங்க."

"நீ அங்கன நிம்மதியாக் குளிம்மா. இங்கன உள்ளத நான் பாத்துக்கிடுதேன்."

ஈரத்தலையோடு வந்து, குளியலை மட்டும் நீக்கிவிட்டு அண்ணாச்சி சொன்னதையே எழுதி அனுப்பினேன். மேலாளருக்கு ரொம்பப் பிடித்துவிட்டது.

போனைத் திறக்கும் நம்பரையும் அண்ணாச்சியிடம் சொல்லிவிட்டுத்தான் குளித்தேன் என்பதை மட்டும் மேலாளரிடம் யாரும் போட்டுக்கொடுத்துவிடாதீர்கள்.