மெம்பர் வந்தால்தான் பெட்டி எடுப்பார்கள்

என் பெயர் வீரய்யா. ஹட்டனில் கஸ்பர் ஐயாவுக்கு வாகனம் ஓட்டுகிறேன். அவரைச் சாவு வீடு சாவு வீடாகக் கொண்டுபோய் இறக்குகிறேன் என்று சொன்னால் இன்னும் பொருத்தமாக இருக்கும்.

ஐயா நோர்வூட் பக்கத்துத் தேயிலைத் தோட்டத்தில், கூலிக்காரர் குடியிருக்கும் லயத்தில் பிறந்தவர். மரக்கறி லொறியில் மூட்டை ஏற்றப் போய், லொறிக்கே சொந்தக்காரராகி, ஹாட்வெயார் கடை, பஸ் என்று வளர்ந்தார். பிறகு யாரோ உசுப்பேற்றி மாகாண சபைத் தேர்தலில் நிறுத்தினார்கள். ஒரே தடவை வென்றார். சபை கலைந்து எத்தனையோ காலமாகிவிட்டது. சனங்களுக்கு அவர் இன்னும் மெம்பர்தான். பாலர் பாடசாலைக்குக் கூரை, வயசானவர்களுக்குக் கண்ணாடி, இல்லாதவர் வீட்டுச் சாவுக்குப் பெட்டி. எல்லாம் சொந்தக் காசு.

பெட்டியில்தான் வினை வந்தது. முதன்முதலில் ஓர் ஏழை வீட்டுக்குப் பெட்டி கொடுத்தவர், குழி மூடும்வரை மழையில் நின்றார். "அவங்களுக்கு நின்னீங்க, எங்களுக்கு நிக்க மாட்டீங்களா?" என்று அடுத்த தோட்டத்தில் கேட்டார்கள். அங்கேயும் போய் நின்றார். அப்படியே அது வழக்கமாகிவிட்டது. மெம்பர் வந்து மாலை போட்டால்தான் பெட்டியைத் தூக்குவார்கள். செத்தவரைப் பற்றி யாருக்கும் கவலையில்லை.

"என்னை எதிர்பாக்காம ஒரு பொணம் போகக் கூடாதா வீரய்யா?" என்று வண்டிக்குள் முழங்காலைத் தடவிக்கொண்டே புலம்புவார். இறங்கியதும் கும்பிட்டபடி நடப்பார்.

போன மாதம் அவருடைய அண்ணன் அன்டன் டிக்கோயா ஆஸ்பத்திரியில் காலமானார். தம்பி கட்டிக்கொடுத்த வீட்டுக்கு வராமல் கடைசிவரை லயத்திலேயே இருந்த மனிதர். ஐயா பயந்தது, பாசம் வைத்தது எல்லாம் அந்த ஒருவரிடம்தான். அடக்கம் மறுநாள் பின்னேரம் என்றார்கள். அதே நாள் காலையில் வலப்பனையில் இன்னொரு அடக்கம். அங்கே ஐயாவுக்காக ஏற்கெனவே ஒரு நாள் பிணத்தை வைத்திருந்தார்கள்.

"இன்னைக்கு வலப்பனை வேணாங்கய்யா. அண்ணன் வீட்டுக்கே போயிருவோம்," என்றேன்.

"வாக்குக் குடுத்தாச்சு. போயிட்டு வந்துருவோம். ஊரே எனக்காக நிக்குது, சொந்த அண்ணன் வீட்டுல நிறுத்தி வைக்க மாட்டாங்களா?"

வலப்பனையில் ஆளாளுக்கு மைக்கைப் பிடித்தார்கள். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. புறப்பட்டபோது மழை; நுவரெலியா டவுனில் வாகன நெரிசல். ஐயா அண்ணிக்குப் போன் அடித்துக்கொண்டே வந்தார். யாரும் எடுக்கவில்லை.

நோர்வூட் தோட்டத்து மயானத்துக்கு ஏறும்போது சனங்கள் எதிரே இறங்கி வந்தார்கள். எல்லார் காலிலும் சேறு. ஐயா யாரையும் கும்பிடவில்லை. மேலே புது மண் குவிந்திருந்தது, அதன்மேல் ஒரு சிலுவை. பக்கத்தில் அண்ணி டோரீன் மட்டும் நின்றிருந்தார்.

"எடுத்துட்டீங்களா அண்ணி? எனக்காகக் கொஞ்சம் நிக்கக் கூடாதா?"

"அவருதான் தம்பி வேணாம்னு சொன்னாரு. ஆஸ்பத்திரியில வச்சு எங்க எல்லாத்துக்கிட்டயும் சொன்னாரு. 'கஸ்பருக்காகக் காத்திருக்காதீங்க. ஊருல உள்ள சாவுக்கெல்லாம் ஓடி ஓடி அவன் களைச்சுப் போயிட்டான். என் சாவுக்காவது ஓடி வராம மெதுவா வரட்டும்'னு."

ஐயா அந்தச் சேற்றிலேயே உட்கார்ந்துவிட்டார். இத்தனை சாவு வீட்டில் அவர் அழுது நான் பார்த்ததில்லை. அன்றைக்குச் சின்னப் பிள்ளை மாதிரி அழுதார். எனக்கும் தாங்கவில்லை.

அந்த நேரம் பார்த்து என் போன் அடித்தது. வேறொரு தோட்டம். மெம்பருக்காகப் பெட்டியை வாசலில் வைத்துக் காத்திருக்கிறார்களாம். நான் கட் பண்ணப் போனேன். ஐயா கையை நீட்டி வாங்கினார்.

"எனக்காக நிறுத்தாதீங்கப்பா," என்றார். "எடுத்துருங்க. நான் எங்கண்ணன்கூட இருக்கேன்."