ஆட்டோவில் தூங்கிய நத்தார் கள்ளி

போன வருஷம் ஒக்டோபர் பிறந்ததும் கந்தப்பளை டவுனில் ஒரு புதுப் பிரச்சினை தொடங்கியது. பொழுது சாய்ந்த பிறகு கஜேந்திரனின் ஆட்டோவைப் பிடிக்கவே முடியவில்லை. யார் ஹயருக்குக் கூப்பிட்டாலும், "வண்டியில ஆள் படுத்திருக்கு" என்று போனை வைத்துவிடுவான். படுத்திருந்தது ஆளில்லை, ஒரு பூச்செடி. அதைச் சொன்னால் சிரிப்பார்கள் என்று அவனுக்குத் தெரியும். ஆனால் வாயில் எதையும் வைத்துக்கொள்ளத் தெரியாத மனுஷன், ஒரே கிழமையில் தானே எல்லாரிடமும் சொல்லிவிட்டான். சிரித்தார்கள்.

கஜேந்திரன் தேயிலைத் தோட்டத்து லயத்தில், ஒரே கூரைக்குக் கீழே வரிசையாய்க் கட்டிய வீடுகளில் ஒன்றில், பிறந்து வளர்ந்தவன். விடியக்காலையில் வேலை பிரித்துக் கொடுக்கிற பெரட்டுக் களத்தில் வரிசையில் நிற்கிற பொறுமை அவனுக்கு எந்தக் காலத்திலும் இருந்ததில்லை. அதனால்தான் ஆட்டோ. சந்தோஷம் வந்தால் ஹோர்ன் அடிப்பான், கவலை வந்தாலும் அடிப்பான். அவனுக்கு வாய்த்த நாகலெட்சுமியோ பத்து வார்த்தைக்கு ஒரு வார்த்தை பேசுகிறவள். லயத்தை விட்டுச் சொந்தமாக ஒரு வீடு கட்டிப் போய்விட வேண்டும் என்று இரண்டு பேருக்கும் ஆசை. அந்த ஆசையில்தான் கல்யாணமாகி இரண்டாம் வருஷமே அவள் குவைத்துக்கு வீட்டு வேலைக்குப் போனாள்.

போகிற அன்றைக்குப் பழைய பெயின்ட் வாளியில் ஒரு கிளையை நட்டுவைத்துவிட்டுப் போனாள். இலையே இல்லாமல், தட்டைத் தட்டையாக ஒன்றோடொன்று கோத்துக்கொண்டு தொங்குகிற முள்ளில்லாத கள்ளி. தோட்டத்துத் துரை பங்களாவில் சமைக்கிறவர் ஒடித்துக் கொடுத்தது. நத்தார் வந்தால், கிறிஸ்மஸ் நேரத்தில், பூக்கும் என்று மட்டும் சொன்னாராம். என்ன நிறம் என்று அவரும் சொல்லவில்லை, இவளும் கேட்கவில்லை.

மனைவி விட்டுப்போன செடியை மூலையில் போட அவனுக்கு மனசு வருமா? நேரே சாமித் தட்டில் கொண்டுபோய் வைத்தான். அங்கே சின்னச் சிவப்பு பல்ப் ஒன்று இரவு பகல் எரியும். காலையில் சாமிக்கு ஊதுபத்தி, செடிக்குத் தண்ணீர். செடி கொழுகொழுவென்று வளர்ந்ததே தவிர, மொட்டு என்ற பேச்சே இல்லை. முதல் நத்தாருக்கு அவள் போனில் கேட்டபோது, வரும் வரும் என்று சமாளித்தான். அடுத்த நத்தாருக்கும் கேட்டாள். அன்றைக்குத்தான் அந்தக் காரியத்தைச் செய்தான்.

டவுனில் நஸார் நானாவின் பலசரக்குக் கடைக்கு மூட்டை இறக்கப் போயிருந்தான். கடைக்கு மேல்மாடியில்தான் அவருடைய வீடு. ஜன்னலில் அதே மாதிரிக் கள்ளி ஒன்று, ரோசா நிறத்தில் நிறையப் பூத்துக் கொட்டிக்கொண்டிருந்தது. நானாவின் மனைவி ஜெமீலா வளர்ப்பது. கஜேந்திரன் போனை எடுத்தான், படம் பிடித்தான், 'நம்ம வீட்டுப் பூ' என்று எழுதிக் குவைத்துக்கு அனுப்பிவிட்டான். அங்கேயிருந்து வரிசையாக இதயம் இதயமாக வந்து விழுந்தது. அன்றைக்கெல்லாம் ஹோர்ன் சத்தம்தான். விடிந்த பிறகுதான் அவனுக்கு வெட்கம் வந்தது.

இந்தத் தடவை நத்தாருக்கு அவளே வருகிறாள் என்று செய்தி வந்ததும், முதலில் துள்ளிக் குதித்தான், பிறகு செடியைப் பார்த்துத் தலையில் கை வைத்தான். அவள் வந்து நிற்கும்போது இது பூத்திருக்க வேண்டும். இல்லாவிட்டால் அந்தப் படத்துக்கு எந்த முகத்தோடு பதில் சொல்வது? ஓடினான் ஜெமீலாவிடம். படச் சங்கதியை மட்டும் விழுங்கிவிட்டு மற்றதைச் சொன்னான். செடியை எங்கே வைத்திருக்கிறீர்கள் என்று அவள் கேட்டதும், சாமித் தட்டில், எந்நேரமும் லைட் எரியும் என்று பெருமையாகச் சொன்னான்.

ஜெமீலாவுக்குச் சிரிப்பு அடங்கவில்லை. "சாமிக்கிட்டயே வச்சாலும் அதுக்குத் தூக்கம் வேணுமே தம்பி. ராவு நீட்டுக்கும் நல்ல இருட்டு, நல்ல குளிர், கொஞ்சமாத் தண்ணி. அப்பத்தான் மொட்டு வைக்கும்."

முஸ்லிம் வீட்டில் யோசனை கேட்டு, சைவ வீட்டில் வளர்த்து, நத்தாருக்குப் பூக்கவைக்க வேண்டிய செடி. அதற்கு இருட்டை எங்கே தேடுவது? சாமி பல்பை அணைக்க அவனுக்கு மனசில்லை. நாகு அந்நிய நாட்டில் இருக்கும்போது அதை அணைப்பானா? சமையற்கட்டில் அடுப்புச் சூடு. வெளியே வைத்தால் பக்கத்து வீட்டு அழகுமுத்துவின் ஆடு. யோசித்து யோசித்து கடைசியில் ஆட்டோவைப் பார்த்தான். அவ்வளவுதான். பொழுது பட்டதும் செடியைப் பின் சீட்டில் ஏற்றி, மழைக்குப் போடுகிற படங்கை இரண்டு பக்கமும் இறக்கி, பின்கண்ணாடிக்குக் கறுப்பு பொலித்தீன் ஒட்டி, தெரு லைட் எட்டாத இடமாகப் பார்த்து நிறுத்தினான். காலையில் செடி ஜன்னலுக்கு, ஆட்டோ ஸ்டாண்டுக்கு.

ஒரு நாள் ராத்திரி அழகுமுத்துவுக்கு வயிற்றுவலி பொறுக்க முடியவில்லை. ஆட்டோவை எடுக்காமல் இருக்க முடியுமா? செடிக்கு மேல் அரிசிச் சாக்கைக் கவிழ்த்து, நோயாளியின் மடியிலேயே வைத்துக் கட்டிப்பிடிக்கச் சொல்லிவிட்டு நுவரெலியாவுக்கு விரட்டினான். ஆஸ்பத்திரி வாசலில் நின்றவர்கள், சாக்கைக் கட்டிப்பிடித்து முனகுகிற மனுஷனைப் பார்த்து என்ன நினைத்தார்களோ. சாக்கை மட்டும் யாரும் திறந்துவிடக் கூடாது என்று கஜேந்திரன் எல்லாரையும் கெஞ்சினான்.

கார்த்திகை தீபம் வைக்கிற சமயத்தில் அது நடந்தது. காலையில் படங்கைத் தூக்கிப் பார்த்தால் ஒவ்வொரு நுனியிலும் அரிசி முனை அளவுக்கு ஒரு பச்சைப் புள்ளி! தோட்டத்து ரோட்டு முழுக்க ஹோர்ன் அடித்துக்கொண்டே டவுனுக்கு இறங்கினான். யாருக்கோ கல்யாணம் என்று கொழுந்து பறிக்கிறவர்கள் நிமிர்ந்து பார்த்தார்கள். இனி இருட்டு வேண்டாம், ஒரே இடத்தில் வையுங்கள், தூக்கித் திருப்பினால் மொட்டு உதிர்ந்துவிடும் என்றாள் ஜெமீலா. அன்றிலிருந்து ஜன்னல் பக்கம் யாரையும் அவன் அண்டவிடவில்லை. அப்படியும் ஒன்று உதிர்ந்தது. அன்றைக்கு அவனுக்குச் சோறு இறங்கவில்லை.

மொட்டு நீண்டது, பெருத்தது. இன்றைக்குச் சிவக்கும், நாளைக்குச் சிவக்கும் என்று பார்த்துக்கொண்டே இருந்தான். சிவக்கவில்லை. பால் மாதிரி வெளுத்தது. அது வெள்ளைப் பூச்செடி. அவன் குவைத்துக்கு அனுப்பியதோ ரோசாப் பூ. ஆசை ஆசையாய் வளர்த்த செடியே அவன் பொய்யைக் காட்டிக்கொடுக்க நின்றது.

வேறு வழியில்லாமல் ஜெமீலாவிடம் எல்லாவற்றையும் ஒப்புக்கொண்டான். அவள் சிரித்துச் சிரித்து அங்கேயே உட்கார்ந்துவிட்டாள். பிறகு மனசு இளகி, "எங்கட பூவக் கொண்டு போய் வைங்க. ஒருத்தருக்கும் தெரியவராது" என்றாள். நாகு வருவதற்கு முதல் நாள் அந்த ரோசாப் பூச்சட்டியைக் கொண்டுவந்து சேர்த்தான். வெள்ளையை அழகுமுத்து வீட்டில் ஒளித்துவைக்க ஜன்னலண்டை போனவன் அப்படியே நின்றான். முதல் பூ விரிந்திருந்தது. அடுக்கடுக்கான வெள்ளை இதழ்கள் பின்னால் மடங்கி, நடுவிலிருந்து ஒரு சிவப்பு நுனி மட்டும் நீட்டிக்கொண்டு இருந்தது. எத்தனை பனியில் எழும்பிப் போய்ப் படங்கைச் சரிசெய்திருக்கிறான் இதற்காக! இதைப் போய் ஒளித்துவைப்பதா? லயத்தையே கூவி அழைத்துக் காட்டினான். அன்றைக்கே ரோசாப் பூ ஜெமீலாவிடம் திரும்பிப் போனது.

மறுநாள் காலையில் நுவரெலியா பஸ் ஸ்டாண்டில் நாகலெட்சுமி வேனிலிருந்து இறங்கினாள். இளைத்திருந்தாள். வீடு வரைக்கும் ஊர்க்கதை எல்லாம் சொன்னான், பூவைத் தவிர. உள்ளே வந்தவள் ஜன்னலைப் பார்த்ததும் பையைக் கூடக் கீழே வைக்காமல் நின்றாள். வாளியைச் சுற்றிலும் பூவும் மொட்டுமாய் வெள்ளையாகத் தொங்கியது.

"நாகு, நான் அனுப்புன போட்டோ..." என்று தொடங்கினான்.

"தெரியுங்க. அந்த ஜன்னல்ல கம்பி போட்டிருந்திச்சு. நம்ம லயத்துல ஏது கம்பி?"

"அப்பவே ஏன் கேக்கல?"

அவள் பையை இறக்கிவைத்தாள். "நானும் ஒரு போட்டோ அனுப்புனேனே, கட்டிலு மெத்தையோட, எனக்குக் குடுத்த ரூம்னு. அது அந்தம்மா மகளோட ரூமுங்க. நான் அடுப்படியில, குசினித் தரையிலதான் படுத்தேன்."

கஜேந்திரன் அழுதுவிட்டான். அவள்தான் அவனைத் தேற்றினாள். பிறகு பூவுக்குப் பக்கத்தில் இரண்டு பேரும் ஒட்டி நின்று ஒரு படம் எடுத்துக்கொண்டார்கள். அதை யாருக்கும் அனுப்பவில்லை.