எகிப்துக்குப் போன கங்காணிக் கம்பு

மலாக்கா மாநிலத்தில் எங்கள் ஊரான புலாவ் செபாங்கில் கூலிக்காரனின் பேரன் என்று ஒருவர்கூடக் கிடையாது. யாரைக் கேட்டாலும் தாத்தா ரப்பர் தோட்டத்தில் கூலிகளை அதட்டி வேலை வாங்கிய கங்காணி. கொஞ்சம் கூச்சமுள்ளவர்கள் கணக்கு எழுதிய கிராணி என்பார்கள். அப்படியானால் அந்த நாளில் மரம் வெட்டிப் பால் எடுத்தது யார் என்று கேட்டுவிடக் கூடாது. ரப்பர் மரங்களே விடியற்காலையில் எழுந்து, பாலைக் கொண்டுபோய் ஸ்டோரில் ஊற்றிவிட்டுத் திரும்பி வந்து நின்றுகொண்டிருக்கும் போலிருக்கிறது.

இத்தனை கங்காணி வம்சங்களுக்கு நடுவில் தனபாலன் அண்ணனுக்குத் தனி மவுசு. அவரிடம்தான் கம்பு இருந்தது. அண்ணனுக்கு வயது அறுபதைத் தாண்டிவிட்டது. பேரங்காடியில் கார் நிறுத்துமிடத்துக்குக் காவலாளி. பகலெல்லாம் அடுத்தவன் காருக்குக் கை காட்டிவிட்டு மாலையில் வீடு திரும்பினால் அவர் கங்காணி வீட்டுத் தனபாலன். அப்பா இறந்தபோது அலமாரிக்குப் பின்னால் கிடைத்த கம்பு அது. கருத்த பிரம்பு, நடுவில் ஒரு பித்தளைப் பூண். அது என்னவென்று அப்பா உயிரோடிருந்தபோது ஒரே ஒரு தடவை சொல்லியிருக்கிறார்: "தாத்தா கம்பு." இந்த இரண்டு வார்த்தையை வைத்துக்கொண்டு அண்ணன் ஒரு பரம்பரையையே கட்டி எழுப்பிவிட்டார்.

"தலைக் கங்காணிக்கு மட்டும்தான் தம்பி பித்தளைப் பூண்," என்பார், வீட்டுக்கு வருகிறவர்களிடமெல்லாம். "சின்னக் கங்காணிக்கு வெறுங்கம்பு. வெள்ளைக்காரத் தொரையே கையால குடுத்தது."

தாத்தாவுக்குப் படம் எதுவும் இல்லாததால் கம்பைக் கூடத்துச் சுவரில் மாட்டி, வெள்ளிக்கிழமை தோறும் அதற்கு மாலை போடுவார்கள். மாலை வாங்கிக் கட்டுவது அவர் மனைவி பவானேஸ்வரி அக்காவின் வேலை. கம்புக்குச் சாம்பிராணி காட்டும் வீடு மலாக்காவிலேயே அது ஒன்றாகத்தான் இருக்கும்.

இதெல்லாம் பொறுக்காதவர் ஒருவர் உண்டு. லாரி ஓட்டி ஓய்வுபெற்ற தம்புசாமி அண்ணன். அவருடைய தாத்தாவும் அதே தோட்டத்தில் கங்காணியாம். ஆனால் காட்ட ஒரு துரும்பும் கிடையாது. "அந்தக் கம்பு பாசார் மாலாம்ல வாங்குனது லா," என்று, ஏதோ இராச் சந்தைச் சரக்கு போல, கோப்பிக் கடையில் சொல்லிக்கொண்டே இருப்பார். தனபாலன் அண்ணனுக்கு அது முள்ளாகக் குத்தியது. ஊர் பார்க்க ஒரு தடவை, ஒரே ஒரு தடவை, தான் கங்காணி பேரன்தான் என்று நிரூபித்துவிட வேண்டும். அவர் வாழ்க்கையில் மிச்சமிருந்த ஒரே ஆசை அது.

அந்த நேரம் பார்த்துத்தான் எகிப்து எங்களைத் தேடி வந்தது.

கோலாலம்பூரிலிருந்து ஒரு படக் கம்பெனி. பிரமிடு கட்டியவர்களைப் பற்றித் தொலைக்காட்சிக்கு ஒரு படம். ரெம்பியா பக்கம் கைவிட்டுப்போன மணல் குவாரிதான் பாலைவனம். நடிக்க ஆள் சேர்க்க விமலன் என்ற துணை இயக்குநர் எங்கள் கோயில் மண்டபத்துக்கு வந்தான். எங்கள் நிறம் எகிப்துக்கு அருமையாகப் பொருந்துகிறதாம். எத்தனையோ விளம்பரத்துக்கு ஆகாத நிறம், நாலாயிரத்து ஐந்நூறு வருடத்துக்கு முந்தைய கதை என்றதும் ஆகிவிட்டது.

நல்ல பையன், விவரமாகவே சொன்னான்.

"அவுங்க அடிமைங்க இல்ல அங்கிள். அதைக் காட்டத்தான் இந்தப் படமே. வரிசையா வீடு குடுத்திருக்காங்க, ரொட்டி குடுத்திருக்காங்க, பீர் குடுத்திருக்காங்க. அடிபட்டா மருந்து போட ஆள் இருந்திருக்கு."

"வரிசை வீடு, ரேஷன், மருந்து, தண்ணி," என்றார் பவானேஸ்வரி அக்கா. "இது நம்ம எஸ்டேட்டுதானே தம்பி. என்னா, அவுங்க கட்டுனது இன்னும் நிக்கிது. நம்மாளுங்க நட்ட ரப்பரை வெட்டிட்டு எண்ணெய்க்குச் செம்பனை போட்டுட்டாங்க."

விமலன் சிரித்துவிட்டு விஷயத்துக்கு வந்தான். கல் இழுக்க நாற்பது பேர் வேண்டும். மேஸ்திரியாக, கையில் கம்போடு நிற்க ஒருவர் போதும்.

"மேஸ்திரின்னா நம்ம கங்காணி மாதிரியா?" என்று யாரோ கேட்டார்கள். அவனும் ஆமாம் என்று சொல்லித் தொலைத்தான்.

மண்டபம் முழுக்க ஒரே பக்கமாக நகர்ந்தது. கல் இழுப்பவர்கள் நிற்க வேண்டிய இடத்தில் ஒரு நாய் மட்டும் படுத்திருந்தது. எல்லோரும் பல்லக்கு ஏறினால் பல்லக்கைத் தூக்குவது யார் என்று நம் முன்னோர்கள் கேட்டுவிட்டுப் போனார்கள். பதில் சொல்லாமலே போய்விட்டார்கள். விமலன் ஒவ்வொருவர் காலிலும் விழாத குறை.

"எங்க தாத்தா அதட்டுனா தோட்டமே நடுங்கும். நான் போயி கல் இழுக்கவா?" என்றார் தம்புசாமி அண்ணன்.

பையன் வெளியே போய்ப் போனில் யாரிடமோ பேசிவிட்டுத் தெளிவான முகத்தோடு திரும்பி வந்தான். "இந்தக் காட்சியில கல்லு இழுக்குறவங்க எல்லாருமே கங்காணிங்கதான் அங்கிள். ராஜா உத்தரவு. அன்னைக்கு ஒரு நாளைக்கு அவுங்களே இழுக்கணும்னு."

அது போதுமாயிருந்தது. நாற்பது பேரும் சம்மதித்தார்கள். நானும்தான், ஏன் மறைக்க வேண்டும். நிற்கும் ஒருவர் யார் என்ற கேள்விக்குத் தனபாலன் அண்ணன் வீட்டுக்கு ஓடிப்போய்ப் பதில் கொண்டுவந்தார். சொந்தமாகக் கம்பு வைத்திருக்கும் நடிகரை எந்தக் கம்பெனி வேண்டாம் என்று சொல்லும்?

குவாரியில் கற்களெல்லாம் பாலிஸ்டைரீன் அட்டை. காற்றடித்தால் பறந்துவிடும். அதை இழுத்துக்கொண்டு நாங்கள் முக்கி முனக வேண்டும். தம்புசாமி அண்ணன் முக்கியதைப் பார்த்து இயக்குநர் அசந்துபோனார். கேமரா அவர் முகத்தை விட்டு நகரவில்லை.

மத்தியானம் திட்டம் மாறியது. அடிமைகள் இல்லை என்று நிரூபிக்க வந்த படம்தான். ஆனால் அடியே இல்லாவிட்டால் யார் பார்ப்பார்கள் என்று தொலைக்காட்சியில் கேட்டார்களாம். ஆகவே மேஸ்திரி ஓங்கிய கம்பு தம்புசாமி அண்ணன் முதுகில் இறங்க வேண்டும், மேலே படாமல்.

தனபாலன் அண்ணன் அன்று ஓங்கிய ஓங்கலை நான் மறக்க மாட்டேன். பாசார் மாலாம் பேச்சுக்கெல்லாம் சேர்த்து ஓங்கினார். "போதும் அங்கிள்," என்று விமலன் சொன்ன பிறகும் இன்னும் ஒரு தடவை எடுக்கலாமே என்றார். கடைசியில் கேமராவைக் கம்புக்கு மிக அருகில் கொண்டுபோய், அந்தப் பித்தளைப் பூணைத் தனியாகப் படம் பிடித்தார்கள். பழைய காலத்துச் சாமான் மாதிரியே இருக்கிறதாம். அண்ணன் அன்று நடந்து வீட்டுக்குப் போகவில்லை, மிதந்து போனார்.

படம் வந்த அன்று கோயில் மண்டபத்தில் பெரிய வெள்ளைத் திரை கட்டி ஊரே உட்கார்ந்தது. தனபாலன் அண்ணன் கோலா சுங்கை பாருவிலிருந்து தன் அத்தை மாரியம்மாவைக் காரில் அழைத்துவந்து முன்வரிசையில் உட்கார வைத்திருந்தார். தாத்தாவின் பிள்ளைகளில் உயிரோடிருப்பது அவர் ஒருவர்தான். எண்பத்தைந்துக்கு மேல் வயது. கண்ணில் புரை, காதும் மந்தம். அண்ணன் வீட்டுச் சுவரில் இருப்பது கம்பா, ஊதுபத்தியா என்றுகூட அவருக்குத் தெரிந்திருக்காது. அதற்கு மேலே, பூணை மறைத்துக்கொண்டு, மாலை வேறு.

படம் ஓடியது. தம்புசாமி அண்ணன் முகம் திரை முழுக்க வந்தது. வேர்வை, வலி, கண்ணில் நீர். மண்டபம் கை தட்டியது. அடுத்து மேஸ்திரி. மணலில் ஒரு நிழல், ஒரு முழங்கை, அவ்வளவுதான்.

"அது நான் அத்தை, அந்தக் கையி," என்று அத்தையின் காதோடு குனிந்து சொன்னார் அண்ணன். "இப்ப முகம் வரும்."

முகம் வரவில்லை. கம்பு வந்தது. திரையில் தென்னை மரம் உயரத்துக்கு எழுந்து நின்றது. நடுவில் பூண் தாம்பாளம் போல் பளபளத்தது. புரை விழுந்த கண்ணுக்கும் அது தப்பவில்லை.

"ஐயோ, அப்பா கம்பு," என்றார் மாரியம்மா அத்தை.

தனபாலன் அண்ணன் எழுந்தே நின்றுவிட்டார். "கேட்டுக்குங்க எல்லாரும். எங்க அத்தை சொல்றாங்க. சத்தமா சொல்லுங்க அத்தை, அந்தப் பூணு எதுக்கு?"

காது மந்தமானவர்களுக்கு மெதுவாகப் பேசத் தெரியாது. "அது ஒடஞ்ச எடம்டா. எங்கப்பா முதுகுல அடிச்சு ஒடஞ்சது. விடியக்காலையில ஆள் எண்ற பெரட்டுக்கு லேட்டா போனாருன்னு எல்லார் முன்னாடியும் வச்சு அடிச்சான் கங்காணி. நான் லயத்து வீட்டு வாசல்ல நின்னு பாத்தேன். ஒடஞ்சதைத் தூக்கிப் போட்டுட்டுப் போய்ட்டான். மாடு ஓட்ட ஆகும்னு அப்பா எடுத்தாந்து பித்தளை வச்சுக் கட்டிக்கிட்டாரு."

திரையில் பிரமிடு வளர்ந்துகொண்டிருந்தது. யாரும் பார்க்கவில்லை. எனக்கு முதலில் சிரிப்புத்தான் வந்தது. தனபாலன் அண்ணன் முகத்தைப் பார்த்ததும் வாயைப் பொத்திக்கொண்டேன்.

பின்வரிசையில் ஒருவருக்குத்தான் சிரிப்பு நிற்கவில்லை, மந்தமான காதுக்கும் எட்டும் சிரிப்பு. அத்தை அந்தப் பக்கம் திரும்பி, கண்ணைச் சுருக்கிப் பார்த்தார்.

"யாரு, நம்ம தம்புசாமியா? அடிச்சது ஒங்க தாத்தாதாம்ப்பா. நீ சிரிக்கிறது அப்படியே அவரு மாதிரி இருக்கு."

வாழ்நாள் முழுக்கத் தம்புசாமி அண்ணன் தேடிய சாட்சி அது. ஊரறிய, சபையறிய, கண்ணால் பார்த்தவர் வாயால் வந்தது. எங்கள் ஊரிலேயே உண்மையான கங்காணி பேரன் அவர் ஒருவர்தான் என்பது அன்று உறுதியானது. மண்டபமே திரும்பி அவரைப் பார்த்தது.

"இல்ல அத்தை," என்றார் அவர் தரையைப் பார்த்துக்கொண்டு. "நீங்க யாரையோ சொல்றீங்க. எங்க தாத்தா பால் மரம் வெட்டுனவரு லா."

புலாவ் செபாங்கில் முதன்முதலாக ஒருவர் தன் வாயாலேயே கூலிக்காரனின் பேரன் ஆனார். அதுவும் பொய்.

தனபாலன் அண்ணன் அடுத்த நாள் கம்பை எடுத்துக்கொண்டு தம்புசாமி வீட்டுக்குப் போனார். "ஒங்க வீட்டுச் சாமான், வச்சுக்குங்க," என்று வாசலில் நின்று குரல் கொடுத்தார். தம்புசாமி கதவைத் திறக்கவில்லை. அண்ணன் திரும்பி வந்து கம்பைச் செருப்பு வைக்கும் மூலையில் சாத்தினார். வேலைக்குப் போனார், வந்தார்.

வெள்ளிக்கிழமை நான் அவர் வீட்டில் இருந்தேன். பவானேஸ்வரி அக்கா மாலையைக் கையில் வைத்துக்கொண்டு கூடத்தில் நின்றார்.

"இன்னைக்கு மால போடுறதா வேணாமாங்க?"

அண்ணன் மூலைக்குப் போய்க் கம்பை எடுத்துவந்தார். துணியால் துடைத்துப் பழைய ஆணியிலேயே மாட்டினார். அக்கா வழக்கம்போல் கம்பின் உச்சியில் மாலையைப் போடக் கையைத் தூக்கினார்.

"அங்க வேணாம்," என்றார் அண்ணன். பித்தளைப் பூணைத் தொட்டுக் காட்டினார். "இதுக்கு மட்டும் சுத்து. தாத்தா இங்கதான் இருக்காரு."