அண்ணனின் வாய்க்கு நான் எழுதிய வசனம்

நீங்கள் பொய் சொல்கிறீர்கள்.

போன ஞாயிற்றுக்கிழமை பத்திரிகையில் உங்கள் பேட்டி வந்திருந்தது. பினாங்குத் தமிழர்கள் பேசுகிற பேச்சை அப்படியே தொலைக்காட்சிக்குக் கொண்டு வந்த தயாரிப்பாளர் நீங்கள்தான் என்று சொல்லியிருக்கிறீர்கள். அதற்கு உதாரணமாக நான் எழுதிய தொடரைக் காட்டியிருக்கிறீர்கள். அந்தத் தொடரில் அப்பாவாக நடித்தவரின் குரலில் ஒரு சொல்கூட இல்லை. பதின்மூன்று பகுதிகளிலும் வாய் மட்டும்தான் அவருடையது. பேசியது வேறு ஆள். அது உங்களுக்குத் தெரியும். எனக்கும் தெரியும். அந்த வேறு ஆள் பேசுவதற்கு வசனம் எழுதிக் கொடுத்தவள் நான்தான்.

முதலிலிருந்து சொல்கிறேன். உங்களுக்காக அல்ல, பேட்டியைப் படித்துவிட்டு நம்பியவர்களுக்காக.

பினாங்கில் மாக் மண்டின் பக்கம் ஒரு பிளாஸ்டிக் தொழிற்சாலையில் இருபது வருடம் வேலை செய்தேன். அச்சிலிருந்து விழும் மூடிகளை விளக்குக்கு முன்னால் பிடித்து, கீறல் இருந்தால் தனியாகப் போட வேண்டும். அதுதான் வேலை. அப்பாவாக நடித்தவர் அங்கே சரக்குத் தூக்கும் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டினார். என்னைவிடப் பன்னிரண்டு வயது மூத்தவர். எல்லாருக்கும் அண்ணன். குரல் மட்டும் யாருக்கும் இல்லாத குரல். கரகரவென்று இருக்கும். ஆனால் இயந்திரச் சத்தத்துக்கு நடுவில் அவர் மெதுவாகப் பேசினாலும் அந்தக் கோடியில் கேட்கும்.

வருடாந்திர விருந்தில் எங்கள் பிரிவு மேடையில் ஏதாவது செய்ய வேண்டும். வழக்கமாக ஒரு பெண் ஆடுவாள். ஒரு வருடம் அவள் கல்யாணமாகிப் போய்விட்டாள். அதனால் நான் சூப்பர்வைசரைக் கிண்டல் செய்து கால் மணி நேர நாடகம் எழுதினேன். சூப்பர்வைசராக நடிக்க எவருக்கும் துணிச்சல் இல்லை. அண்ணனிடம் போனேன்.

"எனக்கு எழுத்துக்கூட்டித்தான் படிக்க வரும், தங்கச்சி. நீ படி. நான் கேட்டு வச்சுக்கறேன்."

ஓய்வு நேரத்தில் சரக்கு ஏற்றும் இடத்துக்குப் பின்னால் ஃபோர்க்லிஃப்டில் உட்கார்ந்துகொள்வார். நான் நின்றுகொண்டு படிப்பேன். அவர் திருப்பிச் சொல்வார். முதல் நாளே ஓர் இடத்தில் நிறுத்தினார்.

"இது என் வாயில வரல லா. நம்ம ஆளுங்கள்ல எவன் 'ஆகையால்'னு பேசறான்? நீ பேசுவியா?"

"மாட்டேன்."

"அப்ப எனக்கு மட்டும் ஏன்?"

அந்தச் சொல்லை அடித்துவிட்டேன். அதன்பிறகு பதினைந்து வருடம் அப்படித்தான் எழுதினோம். நான் எழுதிப் படிப்பேன். அவர் வாயில் வராததை அடித்துவிடுவேன். நாடகம் எழுதக் கற்றுக்கொள்ள நான் எந்த வகுப்புக்கும் போகவில்லை. அவர் எந்த இடத்தில் மூச்சு வாங்குவார், எந்தச் சொல்லை முழுங்குவார், எங்கே உதட்டை மூடிக்கொண்டு சும்மா இருப்பார் என்பதெல்லாம் எனக்கு மனப்பாடம். என் நாடகங்களில் எல்லா அப்பாக்களும் அவர்தான்.

அவற்றில் ஒன்றுதான் அடையாள அட்டை நாடகம். ஓர் அப்பா பிறப்புப் பத்திரம் இல்லாத மகளைக் கூட்டிக்கொண்டு பதிவு அலுவலகத்துக்கு நடையாய் நடக்கிறார். ஒரு காட்சியில், மறுநாள் அதிகாரியிடம் என்ன சொல்வது என்று வீட்டில் ஒரு பிளாஸ்டிக் நாற்காலியை முன்னால் போட்டு ஒத்திகை பார்க்கிறார். பாதி மலாய், பாதி தமிழ்; தமிழ்ப் பாதியை மட்டும் சொல்கிறேன், என்ச்சே என்றால் மலாயில் ஐயா. "என்ச்சே, இது என் மக. இங்கதான் பொறந்துச்சு. பாகான் டாலாம்ல பொறந்துச்சு. பொறந்தப்ப நான் வெளியதான் நின்னேன் லா, அழுத சத்தம் கேட்டேன்." இதையே மூன்று முறை சொல்வார். முதல் முறை சனம் சிரிக்கும். மூன்றாவது முறை ஒருவரும் சிரிக்க மாட்டார்கள். அது எழுத்தால் நடந்தது அல்ல. அந்தக் குரலால் நடந்தது.

அக்கரையில், தீவுப் பக்கம், லிட்டில் இந்தியாவில் ஒரு மாடி மண்டபத்தில் மூன்று நாள் போட்டோம். அந்த நாற்காலியையும் ஃபெரியில் ஏற்றி நாங்களே தூக்கிக்கொண்டு போனோம். மூன்றாம் நாள் நீங்கள் கோலாலம்பூரிலிருந்து வந்து இரண்டாவது வரிசையில் உட்கார்ந்திருந்தீர்கள். கண்ணைத் துடைத்தீர்கள். நான் திரை ஓரத்திலிருந்து பார்த்தேன், அதனால் இல்லை என்று சொல்ல முடியாது. முடிந்ததும் அண்ணன் கையைப் பிடித்து, "இத அப்படியே எடுக்கணும் சார்" என்றீர்கள். அவரை யாரும் சார் என்று கூப்பிட்டதில்லை. ஃபெரியில் திரும்பும்போது நாற்காலியின் மேல் உட்கார்ந்துகொண்டு, "ரைட்டரம்மா, இனிமே என்னைய சார்னு கூப்பிடு" என்று வழியெல்லாம் வம்பு செய்தார்.

தொடருக்கு இருபத்திரண்டு நாள் படப்பிடிப்பு. அவர் வருட விடுப்பு முழுவதையும் எடுத்தார். காலையில் சட்டைக்குள் சின்ன மைக்கை ஒட்டிவிடுவார்கள். சாப்பாட்டு நேரத்தில் அதைக் கழற்ற மறந்துவிடுவார். மீ கோரெங்கில் உப்பில்லை என்று சமையல்காரரைத் திட்டியது, மனைவிக்குப் போன் செய்து மாத்திரை போட்டாயா என்று கேட்டது, எல்லாம் பதிவானது. ஒலிப்பதிவு செய்த தம்பி மாலையில் அதைப் போட்டுக் காட்டிச் சிரித்தார். இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். கடைசியில் இதைத்தான் கேட்கப் போகிறேன்.

இரண்டு மாதம் கழித்து என்னைக் கூப்பிட்டீர்கள். படத்தொகுப்பு அறையில் குளிர் தாங்க முடியவில்லை. கடல் தாண்டி விற்க வேண்டும், அங்கே இந்தப் பேச்சு புரியாது என்கிறார்கள், சென்னையில் ஒருவரை வைத்துப் பேச வைக்கப் போகிறோம் என்றீர்கள்.

"உதட்டுக்கு ஒத்து வர்ற மாதிரி நீங்கதான் எழுதணும். வேற ஆள் எழுதினா ஒட்டாது."

"அண்ணனுக்குத் தெரியுமா?"

"அத நான் பேசிக்கறேன்."

நீங்கள் பேசவில்லை. பேசினீர்களா என்று நானும் கேட்கவில்லை. அதுவரை மேடையில் மட்டுமே எழுதியவள் நான். முதன்முறையாகத் திரையில் என் பெயர் வரப் போகிறது. அதுதான் காரணம். வேறு காரணம் தேடிப் பார்த்தேன். கிடைக்கவில்லை.

நான்கு நாள் உட்கார்ந்து எழுதினேன். சத்தத்தை நிறுத்திவிட்டு வாயை மட்டும் பார்த்து எழுத வேண்டும். உதடு மூடுகிற இடத்தில் ப, ம மாதிரி எழுத்து வர வேண்டும். இல்லாவிட்டால் பொய் என்று தெரிந்துவிடும். "பசாருக்குப் போயிட்டு வரேன்" என்று அவர் சொன்னதைச் சந்தை என்று மாற்ற முடியாது, சந்தைக்கு உதடு மூடாது. "பக்கத்துல போயிட்டு வரேன்" என்று எழுதினேன். கெரெத்தா சாவி காரோட சாவி ஆனது. எங்கள் ஊர்க்காரர்கள் பேச்சுக்குப் பேச்சு சேர்க்கிற லா வந்த இடத்திலெல்லாம் டா போட்டேன். அந்த நாற்காலிக் காட்சியில் மலாயை எல்லாம் எடுத்துவிட்டு, அதே நீளத்துக்கு, அதே மூச்சுக்கு, சுத்தமான தமிழ் எழுதினேன். ஒரு கீறல் இல்லாமல் செய்தேன். நீங்கள் பார்த்துவிட்டுக் கை தட்டினீர்கள்.

ஒளிபரப்புக்கு இன்னும் ஐந்து வாரம் இருந்தது. ஒவ்வொரு முறை பார்க்கும்போதும் அண்ணன், "எப்ப வருது ரைட்டரம்மா?" என்று கேட்பார். ஒரு நாள் ஃபெரியில் எதிரே உட்கார்ந்திருந்தார். நாங்கள் இரண்டு பேர்தான் அந்தப் பெஞ்சில். இருபது நிமிடம் இருந்தது சொல்வதற்கு. "வரும்ணே" என்றேன்.

முதல் பகுதி சனிக்கிழமை சாயங்காலம் வந்தது. பாகான் டாலாமில் அவர் வீட்டில் அக்கம்பக்கம் எல்லாம் கூடிவிட்டார்கள். அண்ணி பள்ளிக்கூட கேண்டீனில் சமைப்பவர், தட்டுத் தட்டாக வடை சுட்டு வைத்திருந்தார். நான் போகாமல் இருந்திருக்கலாம். போய்க் கதவோரம் நின்றேன். அண்ணன் முகம் திரையில் வந்ததும் பிள்ளைகள் கத்தினார்கள். அவர் வாயைத் திறந்தார். வழவழவென்று எவனோ பேசினான்.

கொஞ்ச நேரம் யாருக்கும் புரியவில்லை. அப்புறம் பக்கத்து வீட்டுக்காரர் ஆரம்பித்தார்.

"என்னாண்ணே, டிவிக்குப் போனதும் மெட்ராஸ்காரரு ஆயிட்டீங்க?"

"அன்னைக்குத் தொண்டை கட்டிக்கிச்சு லா. எவன்கிட்டயோ இரவல் வாங்கினேன்."

"திருப்பிக் குடுத்தாச்சா?"

"எங்க குடுக்கறது, நல்லா இருக்குனு நானே வச்சுக்கிட்டேன்."

எல்லாரும் சிரித்தார்கள். அவரும் சிரித்தார். பாதியில் எழுந்து போகவில்லை. நான் நின்ற இடத்திலிருந்து அவர் பக்கவாட்டு முகம் தெரிந்தது. திரையில் அவர் வாய் அசையும்போதெல்லாம் இங்கேயும் உதடு அசைந்தது. சத்தம் வராமல் தன்னுடைய பழைய வசனத்தைச் சொல்லிக்கொண்டிருந்தார். முடிந்து நான் கிளம்பும்போது செருப்பு மாட்டுகிற இடம் வரை வந்தார்.

"உன் பேரு பெரிசா வந்துச்சு. சந்தோசம்."

அதற்குப் பிறகு அவர் நடிக்கவில்லை. மேடைக்கு இரண்டு நாடகம் எழுதிக் கேட்டேன். முட்டி வலிக்கிறது என்றார். முட்டி வலியோடு மாதாகோயில் படியெல்லாம் ஏறிக்கொண்டுதான் இருந்தார். நான் உங்களுக்கு இன்னும் மூன்று தொடர் எழுதினேன். தொழிற்சாலை வேலையை விட்டேன். என்னைத் தொலைக்காட்சி எழுத்தாளர் என்று சொல்கிறார்கள். அவர் வாயில் வராததை அடித்துவிடுகிற பழக்கம் மட்டும் போகவில்லை. இப்போது நான் எழுதுவது யார் வாய்க்கும் பொருந்துவதில்லை.

போன வருடம் வாசலில் மோட்டார் சைக்கிளைத் துடைத்துக்கொண்டிருந்தவர் அப்படியே உட்கார்ந்தார். ஆஸ்பத்திரிக்குப் போவதற்குள் முடிந்துவிட்டது.

நாற்பதாம் நாள் பூசை முடிந்து வீட்டுக்கு வந்ததும் அண்ணி தன் கைபேசியை என்னிடம் கொடுத்தார். அண்ணனுக்குக் கைபேசி பிடிக்காது, எழுதவும் வராது, கட்டைவிரல் படம்தான் அனுப்புவார். குரல் பதிவு இரண்டே இரண்டு இருந்தன. ஒன்றில், "கேஸ் தீந்துருச்சா? நான் வாங்கிட்டு வரேன்." நான்கு விநாடி. இன்னொன்று தெரியாமல் அழுத்தியது. மோட்டார் சைக்கிள் சத்தமும் ஓர் இருமலும். அண்ணி இருமலைத்தான் அதிகம் கேட்கிறார்.

மகள் கல்யாண வீடியோ இருக்கிறது. அதில் அவர் சிரித்துச் சிரித்துப் பேசுகிறார், ஆனால் வீடியோக்காரர் முழுக்கச் சினிமாப் பாட்டைப் போட்டு மூடிவிட்டார். நாடகத்தை ஒருவர் கடைசி வரிசையிலிருந்து கைபேசியில் எடுத்திருந்தார். அதில் மின்விசிறிதான் கேட்கிறது.

"தங்கச்சி, அந்தப் படம் எடுத்தப்ப சட்டைக்குள்ள மைக் வச்சாங்கல்ல? அதுல பேசினது எங்க இருக்கு? அது எனக்கு வேணும்."

உங்களைக் கேட்டேன். முதலில் தேடிப் பார்க்கிறேன் என்றீர்கள். ஒரு மாதம் கழித்து, தொகுப்பு செய்த நிறுவனத்திடம் இருக்கும், அவர்கள் இடம் மாறிவிட்டார்கள் என்றீர்கள். மூன்றாவது முறை, அழித்திருப்பார்கள் என்று நினைக்கிறேன் என்றீர்கள். நான்காவது முறை போனை எடுக்கவே இல்லை. இதற்கிடையில் அண்ணி ஒவ்வொரு வாரமும் என்னைக் கேட்டார். கடைசியில் என்னால் முடியவில்லை. அவர் சமையலறையில் உட்கார்ந்து சொல்லிவிட்டேன். அண்ணன் குரலை எடுத்துவிட்டது அவர்கள் மட்டுமல்ல அண்ணி, மாற்றுக் குரலுக்கு வசனம் எழுதினது நான், ஐந்து வாரம் தெரிந்தும் சொல்லவில்லை.

அண்ணி வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார். நிறுத்தவில்லை.

"அவருக்குத் தெரியும்மா."

"யார் சொன்னா?"

"யாரும் சொல்லல. அன்னைக்கே எல்லாரும் போனதும் சொன்னாரு. 'இத எழுதினது தங்கச்சிதான். ஒரு எடத்துல கூட வாய் தப்பல. என் வாய் அவ்வளவு வேற யாருக்குத் தெரியும்'னாரு."

அண்ணி அடுத்த வெங்காயத்தை எடுத்தார்.

"உன்கிட்டக் கேக்க வேணான்னு சொல்லிட்டாரு. அதான் நானும் கேக்கல. நீ அழுவாத. எனக்கு அது வேணும், கெடச்சா குடு."

அதன்பிறகுதான் உங்கள் பேட்டியைப் படித்தேன். எங்கள் பேச்சை அப்படியே கொண்டு வந்தேன் என்கிறீர்கள். என் பங்கை நான் இங்கே எழுதிவிட்டேன். இதைப் படித்துவிட்டு என்னை யார் என்ன சொன்னாலும் கேட்டுக்கொள்கிறேன். இனி உங்கள் முறை. எனக்குத் தனியாகப் போன் செய்ய வேண்டாம், எடுக்க மாட்டேன்.

இருபத்திரண்டு நாள் அந்தச் சட்டைக்குள் பதிவானது இருக்கிறதா, இல்லையா? இருந்தால் யாரிடம் இருக்கிறது? அழித்திருந்தால் அழிக்கச் சொன்னது யார்? பேட்டி கொடுத்த அதே பத்திரிகையில், அதே பக்கத்தில், உங்கள் பெயரைப் போட்டுப் பதில் எழுதுங்கள். பாகான் டாலாமில் அண்ணி ஞாயிற்றுக்கிழமை பத்திரிகை வாங்க ஆரம்பித்திருக்கிறார்.